வெண்ணெய் இல்லாத சூடு சீஸ்

லீலாம்மா எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கிறாள். எங்கள் வீட்டுப் பின்வராந்தா. குமுட்டி அடுப்பில் கரி கனன்றுகொண்டிருக்கிறது. அதன்மேல் மண்சட்டி. மாலை நாலு, நாலரை மணி இருக்கும். கூடத்தில் ஆண்கள் சீட்டைக் கலைக்கும் சத்தம் கேட்கிறது.

நான் வாட்டிய ரொட்டித் தட்டை எடுக்க உள்ளே போய்விட்டுத் திரும்பி வருகிறேன். அவள் சட்டிக்குள் கரண்டியை விட்டுக் கிளறிக்கொண்டிருக்கிறாள். என் காலடி கேட்டதும் தோள்பையின் வாயைச் சட்டென்று இழுத்து மூடுகிறாள். திரும்பிச் சிரிக்கிறாள்.

“அடியில பிடிக்கும்னு ஒண்ணு இளக்கிக் கொடுத்தேன் சேச்சி.”

அடுப்படியில் வாழையிலைத் துணுக்கு ஒன்று கிடந்தது. காலால் ஓரமாக ஒதுக்கினேன். அன்றைக்கு எங்கள் வீட்டில் யாரும் இலை நறுக்கவில்லை என்பது அப்போது எனக்குத் தோன்றவில்லை.

இந்தத் தொடரில் சமையல் பேச்சு இருக்காது என்று முதல் வாரமே சொல்லியிருந்தேன். அதற்கு ஆயிரம் பேர் இருக்கிறார்கள். ஆனால் போன வாரம் தைக்காட்டு வாடகை வீட்டைப் பற்றி எழுதும்போது, ‘பின்வராந்தாவில் சீஸ் செய்வோம்’ என்று ஒரு வரி தப்பி விழுந்துவிட்டது. அந்தக் காலத்தில், அதுவும் உங்கள் மாதிரி வீட்டில், சீஸா என்று மூன்று வாசகிகள் கேட்டிருக்கிறார்கள். ஒருவர் செய்முறையையே கேட்டுவிட்டார். செய்முறையைச் சொல்கிறேன். அதோடு ஒட்டிக்கொண்டு வருவதையும் சொல்லித்தான் ஆகவேண்டும்.

இரண்டாம் சனி

மாதத்தின் இரண்டாம் சனிக்கிழமை அரசாங்க அலுவலகங்களுக்கு விடுமுறை. என் கணவர் சிவராமன் அப்படி ஓர் அலுவலகத்தில் கட்டடங்களுக்கு வரைபடம் வரைபவர். அவரும் கூட வேலை பார்த்த மூன்று பேரும் அன்றைக்கு எங்கள் வீட்டில் சீட்டாட உட்காருவார்கள். இருபத்தெட்டு என்ற ஆட்டம். திருவனந்தபுரத்தில் அதை ஆடாத வீடு குறைவு.

காசு வைத்து ஆடுவதில்லை. தோற்றவர் காதில் பலா இலையை மடித்துக் காம்பால் குத்தித் தொங்கவிட வேண்டும். அதற்குக் குணுக்கு என்று பெயர். கல்லிடைக்குறிச்சியிலிருந்து கல்யாணமாகி வந்த எனக்குக் குணுக்கு என்றால் எண்ணெயில் பொரிப்பது. இங்கே அதைக் காதில் மாட்டிக்கொண்டு வயதுவந்த ஆண்கள் உட்கார்ந்திருந்ததைப் பார்த்து முதல் நாள் சிரித்தவள், வருஷக்கணக்காகச் சிரித்தேன்.

நால்வரில் ஒருவர் தாமஸ். லீலாம்மா அவர் மனைவி. தாமஸின் அப்பா பொன்முடியில் தேயிலைத் தோட்டத்துக் குமாஸ்தா. கூலி லயங்களில் இருந்த தமிழ்ப் பிள்ளைகளோடு விளையாடி வளர்ந்ததால் தாமஸ் என்னைவிட நன்றாகத் தமிழில் சண்டை போடுவார். தோட்டத்து பங்களாவில் விருந்து நடக்கும்போது சமையற்காரர் ஒரு பாத்திரத்தில் சீஸையும் காய்கறியையும் சேர்த்து உருக்கி, சூடு ஆறாமல் நடுவில் வைப்பாராம். எல்லோரும் ரொட்டித் துண்டை அதில் முக்கித் தின்பார்களாம். சமையல்கட்டு ஜன்னல் வழியே பார்த்துத் தெரிந்துகொண்டதை எங்கள் வீட்டுக்குக் கொண்டுவந்தவர் தாமஸ்தான். என்ன பெயர் என்று அவருக்கும் தெரியாது. நாங்கள் சூடு சீஸ் என்று வைத்துக்கொண்டோம்.

டின்னில் வருவதில் என்ன கலந்திருக்கிறதோ என்ற சந்தேகத்தில் அதை என் அடுக்களைக்குள் விடவில்லை. அதற்கென்று தனியாக ஒரு மண்சட்டி. தனியாகக் குமுட்டி அடுப்பு. இடம் பின்வராந்தா. ஆசாரத்தையும் ஆசையையும் ஒரே வீட்டில் குடிவைக்க நான் கண்ட வழி அது.

செய்வது சுலபம். வெண்ணெயை உருக்கி வெங்காயத்தை வதக்கி, மைதாவைப் போட்டுப் பாலை விட்டுக் கிளற வேண்டும். வேகவைத்த கேரட், பீன்ஸ், பொடியாக நறுக்கிய குடைமிளகாய். பிறகு அரை டின் சீஸைத் துருவிப் போட்டு, மேலே இன்னும் ஒரு கட்டி வெண்ணெய், மிளகுப்பொடி. சீஸ் டின் தாமஸ் வீட்டுப் பங்கு. ரொட்டி, சீட்டாட வரும் நாயர் சார் வாங்கிவருவார். காய்கறி எங்களுடையது. எல்லோர் கையும் விழுந்த சட்டி அது.

ஒரு நிபந்தனை

ஆடி மாதத்து மழையில் ஒருநாள் என் கணவர் அலுவலகத்திலேயே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாய்ந்துவிட்டார். வயது நாற்பத்தாறு. ஆஸ்பத்திரியில் மூன்று வாரம். வீட்டுக்கு அனுப்பும்போது டாக்டர் என்னைத் தனியாகக் கூப்பிட்டுச் சொன்னார். வெண்ணெய், நெய், சீஸ், தேங்காயெண்ணெய் எதுவும் கூடாது. பால் ஆடை நீக்கியது. மாடிப்படி மெதுவாக.

இவர் வீட்டுக்கு வந்தார். பேச்சு மட்டும் ஆஸ்பத்திரியிலேயே தங்கிவிட்டது. ஜன்னலோரம் உட்கார்ந்து தெருவைப் பார்ப்பார். ஆவணி போயிற்று, புரட்டாசியும் போயிற்று. இரண்டு இரண்டாம் சனிகள் வந்தன. தாமஸ் ஆள் அனுப்பிக் கேட்டபோது, இன்னும் கொஞ்ச நாள் போகட்டும் என்று சொல்லிவிட்டார். பெட்டிக்குள் இருந்த சீட்டுக்கட்டை எடுத்து அலமாரியின் மேல்தட்டில், கை எட்டாத இடத்தில் வைத்தார். அதைப் பார்த்ததும் எனக்குப் பயம் வந்துவிட்டது. டாக்டர் சொன்னதைக் கேட்டபோதுகூட அவ்வளவு பயப்படவில்லை. இந்த மனுஷன் இருந்துகொண்டே இல்லாமல் போய்விடுவாரோ என்று நினைத்தேன்.

ஒருநாள் நேராகவே கேட்டேன். “ஏன்னா, அவாள்ளாம் வரட்டுமே. என்ன குறைஞ்சு போச்சு?”

“வருவா. சட்டியச் சுத்தி உக்காருவா. நான் மட்டும் கஞ்சித் தம்ளரப் பிடிச்சிண்டு உக்காரணும். அவாளுக்கும் தொண்டைல எறங்காது. எனக்கு வேண்டாம் ராஜம்.”

“ஒரே சட்டிலேந்து நீங்களும் எடுக்கற மாதிரி நான் பண்ணினா?”

ஜன்னலிலிருந்து முகத்தை என் பக்கம் திருப்பினார். பிறகு சொன்னார். “பண்ணிக்கோ. ஆனா ஒண்ணு, கேட்டயா. எனக்காகப் பத்தியம் பண்றேன்னு ஒருத்தர்ட்டயும் மூச்சு விடப்படாது. என் தட்டப் பாத்து யாரும் பரிதாபப்படப்படாது. சொன்னியோ, நான் உள்ள போய்ப் படுத்துடுவேன்.”

சரி என்றேன். அந்தச் சரியைப் பற்றித்தான் இத்தனை வருஷமாக யோசித்துக்கொண்டிருக்கிறேன்.

மோர்க்குழம்பு கொடுத்த வழி

இனி செய்முறை.

சீஸ் ஒரு தீப்பெட்டி அளவு. அவ்வளவுதான். கனம் வேண்டுமே. காலிபிளவரை வேகவைத்து வெண்ணெய் மாதிரி மசித்தேன். சாலைக் கடைத்தெருவில் காலிபிளவர் எப்போதாவதுதான் வரும். வராவிட்டால் முட்டைக்கோஸின் வெள்ளைப் பகுதி. ஆடை நீக்கிய பாலில் தயிர் தோய்த்து, பழைய வேட்டித் துணியில் கட்டி ராத்திரி முழுவதும் ஆணியில் தொங்கவிட்டேன். காலையில் சீஸின் தூரத்து உறவு போல ஒன்று கிடைத்தது.

முதல் தடவை அதைச் சூட்டில் போட்டதும் திரிந்துபோயிற்று. தண்ணீர் ஒரு பக்கம், திப்பி ஒரு பக்கம். சட்டியை வைத்துக்கொண்டு அழாத குறை. பிறகு என் தலையில் நானே குட்டிக்கொண்டேன். வாரம் இரண்டு நாள் மோர்க்குழம்பு வைக்கிறேன், அது என்றைக்காவது திரிந்திருக்கிறதா? பச்சரிசியை ஊறவைத்து மையாக அரைத்துக் கரைக்கிறோமே, அதுதானே மோரைப் பிடித்து நிறுத்துகிறது.

மைதாவையும் வெண்ணெயையும் தூர வைத்தேன். அரிசி அரைத்த பாலை முதலில் கொதிக்க வைத்து, கெட்டியானதும் காய்களைச் சேர்த்து, சூட்டைத் தணித்துக் கடைசியில் தயிர்க்கட்டி. திரியவில்லை. ஆரியசாலையில் வாங்கிய கடுகை வறுக்காமல் பொடித்து ஒரு சிட்டிகை போட்டதும், அந்தத் தீப்பெட்டிச் சீஸ் இரண்டு பங்காகத் தன்னைக் காட்டிக்கொண்டது.

ஒரு செவ்வாய்க்கிழமை அவருக்குக் கொடுத்தேன். ரொட்டியை முக்கி வாயில் போட்டு மென்றார்.

“மோர்க்குழம்புக்கு ஒண்ணுவிட்ட தம்பி” என்றார். “ஆனா சாப்பிடலாம்.”

நானும் தின்று பார்த்தேன். சாதுவாக இருந்தது. பத்தியச் சாப்பாட்டில் இதற்கு மேல் எதிர்பார்க்க முடியாது என்று வைத்துக்கொண்டேன்.

மேல்தட்டிலிருந்து சீட்டுக்கட்டை அவரே நாற்காலி போட்டு எடுத்தார். திட்டவேண்டும் என்றுகூட எனக்குத் தோன்றவில்லை.

எல்லாம் சாப்பிடலாம்

ஐப்பசி இரண்டாம் சனி. சீஸ் டின் வேண்டாம், நானே வாங்கி வைத்திருக்கிறேன் என்று லீலாம்மாவிடம் முன்பே சொல்லியிருந்தேன். டின் வந்தால் அதைச் சட்டியில் போடாமல் இருக்க முடியாதே.

வந்ததும் தாமஸ் கேட்டார். “டாக்டர் என்ன சொல்றார்? பத்தியம் ஏதும் உண்டா?”

“ஒண்ணும் இல்ல. எல்லாம் சாப்பிடலாம்னுட்டார்” என்றார் இவர், சிரித்துக்கொண்டே.

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். நானும் தலையாட்டினேன்.

இங்கே என் அடுக்களை வழக்கம் ஒன்றைச் சொல்லவேண்டும். அடுப்பில் இருக்கும்போது நாங்கள் எதையும் ருசி பார்ப்பதில்லை. அது எச்சில். உப்பு சரியா என்பதை வாசனையை வைத்தும் கொதியை வைத்தும் சொல்லிவிடுவேன். அதில் எனக்குக் கொஞ்சம் திமிரும் உண்டு. மண்சட்டி வெளியே இருந்தாலும் கைக்குப் பழக்கம் போகுமா? பரிமாறிய பிறகுதான் நானும் சாப்பிடுவேன்.

அன்றைக்குத்தான் லீலாம்மா அடுப்படியில் முதுகைக் காட்டிக்கொண்டு நின்றது.

சட்டியைக் கூடத்துக்குக் கொண்டுபோனோம். இவர் முதல் துண்டை முக்கி வாயில் போட்டார். புருவம் உயர்ந்தது. என்னைப் பார்த்தார். இரண்டாவது துண்டு. மூன்றாவது. நாயர் சார், “ராஜம் அம்மா கை கெங்கேமம்” என்று மெச்சினார். நானும் எடுத்துச் சாப்பிட்டேன். செவ்வாய்க்கிழமை சாதுவாக இருந்தது அன்றைக்கு வாயில் வழுக்கிக்கொண்டு போயிற்று. கரி அனலின் குணம் என்று நினைத்தேன். மண்சட்டியின் குணம், கடுகின் குணம், என் கைக்குணம். குணத்துக்கா பஞ்சம்?

ராத்திரி படுக்கும் முன் இவர் சொன்னார். “ராஜம், நீ கெட்டிக்காரி ஆக்கும்.” கல்யாணமாகி இருபது வருஷத்தில் அவர் வாயால் கேட்ட முதல் பாராட்டு அது. அதன் பிறகு நான் சந்தேகப்படுவேனா?

கார்த்திகை, மார்கழி, தை, மாசி, பங்குனி. ஆறு இரண்டாம் சனிகள் அப்படி நடந்தன. இவர் பழையபடி கத்தினார், கள்ள ஆட்டம் என்று சண்டை பிடித்தார், தோற்றால் காதில் பலா இலையோடு தெருவாசல்வரை போய்க் காட்டிவிட்டு வந்தார். டாக்டர் பத்தியம் எப்படி என்று கேட்டபோது, கடுகளவு மீறல் இல்லை என்று நிமிர்ந்து சொன்னேன்.

லீவு முடிந்து இவர் வேலைக்குத் திரும்பியிருந்தார். பங்குனி கடைசியில் ஒரு வேலைநாள். வரைபடச் சுருளைக் கையில் எடுத்துக்கொண்டு அலுவலக மாடிப்படி ஏறினவர் பாதியில் உட்கார்ந்தாராம். அவ்வளவுதான். தாமஸ்தான் வீட்டுக்கு வந்து சொன்னார். அவருக்குத் தமிழும் வரவில்லை, மலையாளமும் வரவில்லை.

வாழையிலைப் பொட்டலம்

அன்றைக்கு நான் என்னென்ன சொல்லி அழுதேன் என்று எனக்கு நினைவில்லை. ஒன்று மட்டும் நினைவிருக்கிறது. “எட்டு மாசமா ஒரு பொட்டு வெண்ணெய் கண்ணுல காட்டாமப் பாத்துண்டேனே” என்று அரற்றினேன். சுவரோரம் நின்ற லீலாம்மா அதைக் கேட்டதும் விறுவிறுவென்று வெளியே போய்விட்டாள். துக்கம் தாங்கவில்லை என்று நினைத்தேன்.

பதிமூன்றாம் நாள் முடிந்து, உறவுக்காரர்கள் எல்லாம் தம்பானூருக்குப் போய் ரயிலேறின மறுநாள் அவள் தனியாக வந்தாள். கூடத்தில் உட்காரவில்லை. நேராகப் பின்வராந்தாவுக்குப் போனாள். குமுட்டி அடுப்புக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தாள்.

“சேச்சி, எனக்கு ஒரு காரியம் பறயணும். கேட்டிட்டு நீங்க என்னை அடிச்சாலும் சரி.”

“என்ன லீலாம்மா?”

“அந்தச் சட்டியில நான் வெண்ணெய் இட்டேன். சீஸும் இட்டேன். வீட்டுலயே துருவி, வாழையிலையில பொதிஞ்சு கொண்டுவந்து. ஆறு பிராவசியமும், ஆறு தடவையும் இட்டேன்.”

எனக்குப் புரிய நேரமாயிற்று.

“சார் பாதிச் சம்பளத்துல லீவுல கிடந்தில்லே. டின் வேண்டாம்னு நீங்க சொன்னப்போ, கைநீட்டி வாங்க உங்களுக்கு மனசு வரலைன்னு நினைச்சேன். சட்டியைத் திறந்து பார்த்தா வெளுத்துக் கிடக்கு. பாவம், வாங்க வழியில்லாம அரிசிமாவைக் கரைச்சு வச்சிருக்காங்கன்னு… கேட்டா உங்களுக்கு நாணக்கேடு ஆகும்னு பயந்து யார்கிட்டயும் பறயலை. எல்லாம் சாப்பிடலாம்னு சார்தானே சொன்னார் சேச்சி? நீங்களும் தலையாட்டினீங்கல்லே?”

ஆமாம். தலையாட்டினேன்.

அவள் மேல் எனக்குக் கோபம் வந்தது. வரவில்லை என்று எழுதினால் பொய். ஒரு நிமிஷம் அந்த மண்சட்டியைத் தூக்கி முற்றத்தில் எறியலாம் என்று இருந்தது. பிறகு அவள் கையைப் பார்த்தேன். என் மானத்தைக் காப்பாற்ற நினைத்த கை. அவர் மானத்தைக் காப்பாற்ற நான் நினைத்தது போலத்தான். ஒருவரோடு ஒருவர் வாயைத் திறந்திருந்தால் போதும். திறக்காததற்குக் காரணம் எங்கள் இரண்டு பேரின் நல்ல மனசு.

அப்போது என் வாயில் ஒரு பொய் வந்தது. யோசித்துச் சொல்லவில்லை.

“அவர் அதச் சாப்பிடவே இல்ல லீலாம்மா. டாக்டர் சொன்னதுலேந்து அவருக்கே பயம். ரொட்டிய முக்கி வாய்கிட்ட கொண்டுபோற மாதிரி காமிச்சுட்டு, நீங்கள்ளாம் சீட்டப் பாக்கறச்சே என் கைல குடுத்துடுவார். நான்தான் தின்னேன்.”

அவள் தலை நிமிர்ந்தது. “நேரா சேச்சி? நிஜமாவா?”

“நேராத்தான் சொல்றேன்.”

அவள் என் மடியில் முகத்தைப் புதைத்துக்கொண்டு அழுதாள். நான் அவள் முதுகைத் தடவிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

பிற்பாடு டாக்டரைப் பார்த்து, யாருக்கோ நடந்தது போல விசாரித்தேன். மாதத்துக்கு ஒருநாள் சில கரண்டி, அதனால் உயிர் போகுமா என்று. அதனால்தான் என்றும் சொல்ல முடியாது, அதனால் இல்லை என்றும் சொல்ல முடியாது என்றார். அந்தப் பதிலை வைத்துக்கொண்டு என்ன செய்வது? இன்றுவரை எனக்குத் தெரியவில்லை. அந்த ஆறு சனிக்கிழமைகள் அவர் உயிரோடு இருந்தார் என்பது மட்டும் தெரியும். ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தவர் காதில் இலையோடு தெருவாசலுக்குப் போனதை நான் பார்த்திருக்கிறேன்.

லீலாம்மா போன வருஷம் காலமானாள். அவளுக்குத் தமிழ் எழுத்து படிக்க வராது. இருந்தாலும் அவள் இருந்திருந்தால், யாராவது வாசித்துக் காட்டிவிடுவார்கள் என்ற பயத்தில் இதை எழுதியிருக்க மாட்டேன்.

லீலாம்மா வீட்டுச் சட்டி

இன்னும் ஒன்று பாக்கி இருக்கிறது.

இவர் போய் நாலைந்து வருஷம் கழித்து, தாமஸுக்கும் டாக்டர் அதே பத்தியப் பட்டியலைக் கொடுத்தார். லீலாம்மா என்னிடம் ஓடிவந்தாள். இந்தத் தடவை யாரும் எதையும் மறைக்கவில்லை. நாயர் சார் முதல் அலுவலகக் காவலாளிவரை தாமஸின் பத்தியம் எல்லோருக்கும் தெரியும். அவளே சொல்லிக்கொண்டு திரிந்தாள். நான் காலிபிளவர், தொங்கவிட்ட தயிர், பச்சரிசி, கடுகுப்பொடி எல்லாவற்றையும் ஒன்றுவிடாமல் சொன்னேன். அவள் மலையாளத்தில் எழுதிக்கொண்டாள்.

அடுத்த இரண்டாம் சனிக்கு என்னை அவர்கள் வீட்டுக்குக் கூப்பிட்டாள். இவர் இடத்தில் புதிதாக வந்த ஒரு பையன் சீட்டுப் பிடித்தான். சட்டியை நடுவில் வைத்தாள். தாமஸ் கைநீட்டும் முன் அவளே ஒரு ரொட்டித் துண்டை எடுத்து முக்கி, ஊதி ஆற்றி, கூடத்தைத் தாண்டி ஓரமாக உட்கார்ந்திருந்த என்னிடம் வந்து நீட்டினாள்.

“இந்தாங்க சேச்சி” என்றாள் மெதுவாக. “சார் தர்றது மாதிரி.”

என் பொய்யை நம்பித்தான் தருகிறாளா, நம்பாமல்தான் தருகிறாளா என்று அவள் முகத்தைப் பார்த்தேன். அவள் பார்வையைத் தாழ்த்திக்கொண்டாள். கை மட்டும் நீட்டியபடியே இருந்தது.

வாங்கி வாயில் போட்டேன். அதில் வெண்ணெய் இல்லை. நாக்கில் பட்டதுமே எனக்குத் தெரிந்துவிட்டது.